நான் திருத்திய ஒரே மெசின்

புளியந்தீவில் நான் வேலை பார்த்த கடையில் ஒரு மாய மெசின் இருந்தது. மாயம் என்று நான் சொல்லவில்லை, சனம் சொன்னது. எங்கள் வாவிக்குள் மீன் பாடுகிறது என்று நாங்கள் தலைமுறை தலைமுறையாக நம்பி வருகிறவர்கள். ஒரு மீனைப் பாடுகிற நிலையில் கண்டவர் எவரையும் நான் சந்தித்ததில்லை. குழம்பில் கண்டவர்கள்தான் அதிகம். அப்படிப்பட்ட ஊரில், பழைய சத்தங்களை விழுங்கி வைத்துக்கொண்டு கேட்கும்போது கக்குகிற ஒரு ஜப்பான் பெட்டியை நம்புவதற்கு ஆள் தேடிப் போகவேண்டி இருக்கவில்லை.

கடை, ரேடியோ திருத்தும் கடை. யுத்தம் வந்தபிறகு ரேடியோக்கள் பழுதாவது கூடியது, திருத்துவதற்குச் சாமான் வருவது நின்றது. முதலாளி பாட்டுப் பதிந்து கொடுக்கத் தொடங்கினார். அதுவும் பெரிதாக ஓடவில்லை. கடையைத் தூக்கி நிறுத்தியது கசற் கடிதம்தான்.

இதை இப்போதுள்ள பிள்ளைகளுக்கு விளக்கித்தான் ஆகவேண்டும். படுவான்கரையிலிருந்து, அதாவது வாவிக்கு மேற்கே வயலும் காடுமாகக் கிடக்கிற கரையிலிருந்து, நிறையப் பேர் சவூதிக்கும் கட்டாருக்கும் போயிருந்தார்கள். டெலிபோன் கிடையாது. கடிதம் எழுதத் தெரிந்தவர்களுக்கு எழுத மனமில்லை, மனமுள்ளவர்களுக்கு எழுதத் தெரியாது. ஆகவே ஒரு கசற்றோடு எங்கள் கடைக்கு வந்து, மெசினுக்கு முன்னால் உட்கார்ந்து அரை மணித்தியாலம் பேசிவிட்டுப் போவார்கள். லீவில் வந்து திரும்புகிற காத்தான்குடி ஆட்கள் யாராவது அதைக் கொண்டுபோய் உரிய இடத்தில் கொடுப்பார்கள்.

இதற்கு இரண்டு சட்டங்கள் இருந்தன. யார் போட்டதென்று தெரியாது, ஆனால் மீறியவர் இல்லை. முதலாவது, ஒரு குடும்பத்துக்கு ஒரு கசற். ஏ பக்கம் ஊருக்கு, பி பக்கம் வெளிநாட்டுக்கு. மகன் கேட்டுவிட்டு பி பக்கத்தில் பதில் பேசி அதே கசற்றைத் திருப்பி அனுப்புவான். தாய் கேட்டுவிட்டுப் பழைய ஏ பக்கத்தின் மேலேயே புதிதாகப் பேசுவாள். இரண்டாவது, பக்கத்தை நிரப்பாமல் அனுப்பக்கூடாது. அரைவாசி வெறும் நாடாவை அனுப்புவது, வந்தவருக்கு அரைக்கோப்பைத் தேத்தண்ணீர் வைப்பது மாதிரி. சொல்லவேண்டியது ஐந்து நிமிஷத்தில் முடிந்துவிடும். மீதிக்குக் கோழி அடைகிடப்பது, பக்கத்து வீட்டுச் சண்டை, அம்மன் கோயில் குளிர்த்திச் சடங்குக்கு யார் யார் வந்தார்கள், யார் யாரால் வரமுடியாமல் போனது என்று நாடா தீரும்வரை இழுப்பார்கள். எந்த அகராதிக்குள்ளும் வராத எத்தனையோ சொற்களை நான் அந்த மீதிகளில்தான் கேட்டேன்.

இனி மாயத்துக்கு வருகிறேன். பதிகிற மெசினுக்குள் இரண்டு சிறு இரும்புத் துண்டுகள் உண்டு. தொழிலில் அவற்றை 'ஹெட்' என்போம். நாடா முதலில் அழிக்கிற ஹெட்டில் உரசி வெறுமையாகி, பிறகு பதிகிற ஹெட்டுக்கு வரும். எங்கள் மெசினில் அழிக்கிற ஹெட் செத்துப்போயிருந்தது. ஆகவே புதுப் பேச்சு பழைய பேச்சின் மேலேயே போய் விழும். பழையது முழுதாகச் சாகாது. சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ கதைப்பதுபோல் அடியில் கேட்டுக்கொண்டே இருக்கும். அதற்கும் அடியில் அதற்கு முந்தியது. ஒரு பெண் புருஷனுக்கு இந்த வருஷத்து வெள்ளத்தைச் சொல்லும்போது, அடியில் அவளே போன வருஷத்து வரட்சியைச் சொல்லிக்கொண்டிருப்பாள். அதற்கு அடியில், கல்யாணமான புதிதில், வெட்கத்தில் ஒன்றுமே சொல்லாமல் மூச்சு மட்டும் விட்டுக்கொண்டிருப்பாள். ஒரு குடும்பத்தை மேலிருந்து கீழாகக் கேட்கலாம்.

மானமுள்ள எந்தக் கடைக்காரரும் இப்படியொரு மெசினை மூட்டைகட்டி வைத்திருப்பார். எங்கள் முதலாளி அதற்கு வெள்ளிக்கிழமைகளில் சாம்பிராணி காட்டினார். "இது அழிக்காத மெசின். மத்தக் கடையில எல்லாம் அழிச்சுப்போட்டுத்தான் தருவாங்க" என்று வருகிறவர்களிடம் சொன்னார். அதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை என்பதுதான் அவருடைய வியாபாரத் திறமை. செத்தவர்களின் குரல் கேட்கும் என்று கதை பரவியது. கேட்கவும் செய்தது. சாகுமுன் அவர்கள் அந்தக் கதிரையில் உட்கார்ந்து பேசியிருந்தால் போதும்.

அப்படிக் கேட்க வந்தவர்களில் வவுணதீவுப் பக்கத்து அம்மா ஒருவரும் இருந்தார். புருஷன் நெஞ்சுவருத்தம் வந்து, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவரும் வழியில், வலையிறவுப் பாலத்துச் சோதனைச்சாவடி திறக்கும்வரை காத்திருந்து மாட்டு வண்டியிலேயே செத்துப்போனவர். முப்பத்தோராம் நாள் முடிந்து அந்த அம்மா கசற்றோடு வந்தார். நான் போட்டுக் காட்டினேன். மேலே அவருடைய சொந்தக் குரல் நெல்லைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்க, அடியில் புருஷன் இருமினார். ஐந்தாறு தடவை. அவர் பேசியது ஒன்றும் விளங்கவில்லை, இருமல் மட்டும் தெளிவு.

"பாத்தியளா மனே" என்று என்னை மகனாக்கிக்கொண்டு சொன்னார் அந்த அம்மா. "சீரகம் அவிச்சுக் குடியுங்க எண்டு நான் எத்தினதரம் சொன்ன நான். கேட்டவரா?"

அவருக்கு இரண்டு ஆண்பிள்ளைகள். மூத்தவன் கட்டாரில். இளையவனுக்கு இருபது வயதிருக்கும், தகப்பனின் வயலைப் பார்த்துக்கொண்டிருந்தான். தகப்பன் செத்ததற்குப் பிந்திய கசற்றை இளையவன்தான் பதிந்தான். முழு ஏ பக்கமும் அவனுடைய பேச்சு. தாய் பக்கத்திலிருந்து "பொய் பறையிறான், பொய் பறையிறான்" என்று வாயைச் சேலையால் பொத்திக்கொண்டு சிரித்தார். வெள்ளைத் துணி உடுத்திய ஒரு மனிசி அப்படிச் சிரித்ததை அந்தக் கடையில் நான் வேறு கண்டதில்லை. கசற் போனது, இரண்டு மாதத்தில் மூத்தவனின் பதிலோடு திரும்பி வந்தது.

அந்த இரண்டு மாதத்துக்குள் நான் மெசினைத் திருத்திவிட்டேன்.

அந்த நாட்களில் நான் எதையாவது படித்துவிட்டு அதை யார்மேலாவது பரிசோதித்துப் பார்க்கும் வியாதியுள்ளவன். தத்துவம் படித்தபோது தகப்பனார் அகப்பட்டார். வைத்தியம் படித்தபோது நானே அகப்பட்டேன், ஒரு கிழமை சேமியாக் கஞ்சி குடித்தேன். பிறகு நூலகத்தில் பதிகிற மெசின்களைப் பற்றிப் படங்களோடு ஒரு தடித்த ஆங்கிலப் புத்தகம் கிடைத்தது. அந்த நேரம் பார்த்து முதலாளி சாமான் வாங்கக் கொழும்புக்குப் போய், பாதை மூடி, அங்கேயே மாட்டிக்கொண்டார். போகும்போது சொல்லிவிட்டுத்தான் போனார்: "டேய், அந்த மெசினில மட்டும் கை வைச்சிராத. அதுட பழுதிலதான்டா நாம சோறு தின்னுறம்."

பழுதில் சோறு தின்பது ஒரு படித்தவனுக்கு அழகா? மெசினைக் கழற்றினேன். அழிக்கிற ஹெட்டுக்குப் போகும் தலைமயிர் தடிப்பான கம்பி ஒன்று விட்டுப்போயிருந்தது. அவ்வளவுதான். ஈயம் உருக்கி ஒட்டினேன். ஒரு பழைய நாடாவைப் போட்டு அதன்மேல் பத்திரிகைச் செய்தியை வாசித்துப் பார்த்தேன். அடியில் ஒரு சத்தமுமில்லை. கழுவித் துடைத்த கண்ணாடி மாதிரி என் குரல் மட்டும். நான் அதற்கு முன்பும் பின்பும் கடிகாரம், ரேடியோ, இரண்டு மின்விசிறி, ஒரு கலியாணப் பேச்சு எல்லாவற்றையும் திருத்த முயன்றிருக்கிறேன். ஒழுங்காகத் திருத்தியது இந்த ஒன்றைத்தான்.

அடுத்த கிழமை தாயும் இளையவனும் மூத்தவனுக்குப் பதில் பதிய வந்தார்கள். "இந்தமுற அம்மா பறையட்டும், நான் போனதரமே எல்லாம் சொல்லிற்றன்" என்று இளையவன் ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டான். தாய் தொடங்கியதும் ஏதோ சொல்ல வாயெடுத்தான். எனக்கு அன்றைக்குச் சத்தத்தின் சுத்தம் ஒன்றே குறி. "உஸ்! தம்பி, சத்தம் போடாத, ஓடுது!" என்று அதட்டினேன். அவன் வாயை மூடிக்கொண்டான். நல்ல பிள்ளை, அரை மணித்தியாலமும் மூடிக்கொண்டே இருந்தான்.

கசற் போய் மூத்தவனின் பதிலோடு மறுபடியும் வந்தது. இளையவன் ஒருநாள் டவுனுக்கு உரம் எடுக்க வந்தபோது கடை வாசலில் சைக்கிளில் நின்றபடியே சொன்னான்: "அண்ணன், எங்கட அண்ணன் உங்களுக்கு நன்றி சொல்லச் சொன்னவர். இந்தமுற தண்ணி மாதிரிக் கேட்டிச்சாம். அம்மா பக்கத்தில வந்து இருந்து பறையிற மாதிரியாம்."

நான் உள்ளே போய், கொழும்பிலிருந்து திரும்பியிருந்த முதலாளியிடம் அதைப் பெருமையாகச் சொன்னேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "தண்ணி மாதிரியா?" என்றார். எழுந்துபோய் ஒரு நாடாவைப் போட்டுப் பார்த்தார். பிறகு அன்றைக்கு முழுவதும் என்னோடு கதைக்கவில்லை. வெள்ளிக்கிழமைச் சாம்பிராணியை மட்டும் அவர் நிறுத்தவில்லை. வியாபாரம் வேறு, உண்மை வேறு.

ஒரு மாதம் கழித்து அந்த அம்மா தனியாக வந்தார். காலை பத்து மணி இருக்கும். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"சின்னவனக் கொண்டு போயிற்றாங்க மனே."

மூன்று நாளாகிறது. வயலிலிருந்து வரும் வழியில் வாகனம் ஒன்று நின்றிருக்கிறது. கொண்டுபோனவர்கள் யார் என்று அந்தக் காலத்தில் ஒருவரும் சத்தமாகச் சொல்வதில்லை. இப்போதும் நான் சொல்லவில்லை, பழக்கதோஷம். சைக்கிளை மட்டும் தெருவோரம் பூவரசில் சாத்தி வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். ஒழுங்கான ஆட்கள். தாய் ஏறாத வாசல் இல்லை. அப்படி ஒருவர் எங்களிடம் இல்லை என்று எல்லா வாசலிலும் ஒரே பதில்.

"படம் கொண்டு வா எண்டு கேக்கானுகள். படத்துக்கு நான் எங்க போற? இருந்த ஒரு படமும் ஐடென்டிகாட்டில. அது அவன்ட சேட்டுப் பைக்குள்ள." சேலைத் தலைப்பை அவிழ்த்துக் கசற்றை எடுத்தார். "இதுக்குள்ளதான் அவன் இரிக்கான். போனதரத்துக்கு முந்தினதரம் பறைஞ்சானே, அது அடியில கிடக்கும்தானே? எனக்கு அவன்ட சத்தம் மட்டும் போதும். எடுத்துத் தாங்க மனே."

நான் ஹெட்போனை மாட்டிக்கொண்டேன், அவருக்குக் கேட்கக்கூடாதென்று. நாடா ஓடியது. அந்த அம்மாவின் குரல், கோழி, வேலிக் கதியால், குளிர்த்தி. அடியில் ஒன்றுமில்லை. என்னுடைய வேலை அப்பழுக்கில்லாமல் இருந்தது.

இப்போது நான் என்ன செய்திருக்கவேண்டும் என்று உங்களுக்குத் தெரியும். எனக்கும் தெரியும். வாசித்த புத்தகங்கள் அனைத்திலும் அந்த இடத்தில் ஒரு மனிதன் எழுந்து நின்று உண்மையைச் சொல்வான். நான் சொன்னது இது: "மெசின் இண்டைக்குச் சரியில்ல அம்மா. அடுத்த கிழமை வாங்க."

"வெள்ளிக்கிழமையில வந்தா எடுபடுமோ?"

நான் தலையாட்டினேன்.

அவர் வெள்ளிக்கிழமை விரதத்தோடு வந்தார். வீட்டிலிருந்து பாலத்துக்கு ஐந்து கட்டை, அதாவது ஐந்து மைல், நடை. பாலத்தடியில் வரிசை, சோதனை. அங்கே நின்ற ஒருவன் கசற்றைத் தன் மெசினில் போட்டுக் கால்மணி நேரம் கோழிக்கதை கேட்டுவிட்டுத்தான் விட்டானாம். அவனுக்குத் தமிழ் தெரியாது. நான் அன்றைக்கு நாடாவை மெதுவாக ஓட்டினேன். அடுத்த வெள்ளி வேகமாக ஓட்டினேன். அதற்கடுத்த வெள்ளி மெசினைத் திறந்து வைத்து, ஒரு வைத்தியர் மாதிரி முகத்தைச் சுருக்கிக்கொண்டு பஞ்சால் எதையோ துடைத்தேன். ஒவ்வொரு தடவையும் நான் ஹெட்போனைக் கழற்றும்போது அவர் என் வாயைப் பார்த்தார்.

முதலாளி ஒரு நாள் பொறுக்காமல் கேட்டார். "நீ சொல்றியா, நான் சொல்லவா?"

"அடுத்த கிழமை சொல்றன் முதலாளி."

"அடுத்த கிழமையும் மனிசி சோறு தண்ணி இல்லாமத்தான்டா வரும்."

அடுத்த கிழமை அந்த அம்மா பின்னேரம் இரண்டு மணிக்குத்தான் வந்தார். பாலத்துக்கு அந்தப் பக்கம் துப்பாக்கிச் சூடு நடந்திருக்கிறது. சனம் எல்லாம் தெருவோர வாய்க்காலுக்குள் படுத்துக் கிடந்திருக்கிறது. வெள்ளைச் சேலையின் முன்பக்கம் முழுவதும் சேறு. கசற்றைச் சேறு படாமல் தலைக்குமேல் பிடித்துக்கொண்டு படுத்திருந்ததாகச் சொன்னார். ஏதோ ஒரு சமையல் நுணுக்கம் சொல்வதுபோலச் சொன்னார். கசற் சுத்தமாகத்தான் இருந்தது.

நான் அதை வாங்கவில்லை.

"அம்மா, அது இல்ல."

"எது இல்ல?"

"தம்பிட சத்தம். நான் மெசினத் திருத்திப்போட்டன். திருத்தினாப் பிறகு புதுசு பதியக்குள்ள பழசு அழிஞ்சிரும். நீங்க கடைசியாப் பறைஞ்சது திருத்தின மெசினில."

"திருத்தினீங்களா?"

"ஓம்."

"ஆரு திருத்தச் சொன்ன?"

"ஒருத்தரும் சொல்லல்ல."

அவர் ஸ்டூலில் உட்கார்ந்தார். முதலாளி கடையின் பின்பக்கம் போய், அங்கே எந்த வேலையும் இல்லாததால் சும்மா நின்றார். அந்த அம்மா ஏசுவார் என்று எதிர்பார்த்தேன். ஏச்சுக்கு நான் தயாராகவும் இருந்தேன். ஏச்சு வாங்குவது எனக்கு நன்றாக வரும்.

"அழிஞ்சதெண்டா எங்க போகும் மனே?" என்று கேட்டார்.

இந்தக் கேள்விக்கு அந்தத் தடித்த புத்தகத்தில் படத்தோடு பதில் இருந்தது. அதைச் சொல்லத் தொடங்கினேன். நாடா முழுக்க இரும்புத்தூள், சத்தம் அதை ஒரு ஒழுங்கில் நிற்க வைக்கும், அழிக்கிற ஹெட் அந்த ஒழுங்கைக் கலைத்துவிடும். கையாலும் காட்டினேன். கோலத்தைக் கூட்டுகிற மாதிரி, என்றேன்.

"அப்ப மா இரிக்கு, கோலம்தான் இல்ல."

"ஓம்."

"அவருட இருமலும்?"

"ஓம் அம்மா."

அவர் கசற்றை என்னிடம் நீட்டினார். பிறகு, "இரிக்கிறதப் போடுங்க. ரெண்டு பேரும் கேப்பம்" என்றார்.

ஹெட்போன் இல்லாமல் பெட்டியிலேயே போட்டேன். அவருடைய குரல் "மகன், எப்பிடி இரிக்காய்" என்று தொடங்கியது. உடனே எனக்கே அடையாளம் தெரியாத ஒரு கர்வமான குரல்: "உஸ்! தம்பி, சத்தம் போடாத, ஓடுது!" பிறகு கோழி, வேலி, எல்லாம். நாடாவின் நடுவில் எங்கேயோ க்ரீச் என்றொரு சத்தம்.

"நிப்பாட்டுங்க. மறுகாப் போடுங்க."

திரும்பவும் போட்டேன். அவர் தான் உட்கார்ந்திருந்த ஸ்டூலில் கொஞ்சம் அசைந்து பார்த்தார். அது அதே மாதிரிக் க்ரீச்சிட்டது.

"அவன்தான்" என்றார். "சும்மா இரிக்க ஏலாது அவனுக்கு."

அரை மணித்தியாலத்தில் ஏழு இடத்தில் ஸ்டூல் அசைந்தது. ஒரு இருபது வயது இளைஞன், கைக்கெட்டும் தூரத்தில், ஆயிரம் கதை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டு, நான் அதட்டியதற்காக முழுப் பக்கமும் பேசாமல் இருந்தது அத்தனையும் மிகத் தெளிவாகப் பதிந்திருந்தது.

மூத்தவனுக்குச் செய்தி சொல்லவேண்டும். அதைத் தள்ளிப்போட முடியாது. நான் ஒரு புதுக் கசற்றை எடுத்தேன். "காசு வேணாம்" என்றேன். அவர் வாங்கவில்லை. ஒரு குடும்பத்துக்கு ஒரு கசற். ஆனால் ஏ பக்கத்தில் இனிக் கை வைக்கவும் விடவில்லை. "மத்தப் பக்கத்தில பதியுங்க. அது பெரியவன்ட. அவன் உசிரோட இரிக்கான், மறுகாப் பறைவான்."

அப்படித்தான் ஊரிலிருந்து போன செய்தி பி பக்கத்தில் ஏறியது. செய்தி ஒரு நிமிஷம்கூட இல்லை. தம்பியைக் கொண்டுபோய்விட்டார்கள், எங்கேயென்று தெரியாது, நீ வராதே, வந்தால் உன்னையும் கொண்டுபோவார்கள். அவ்வளவுதான். நான் நிறுத்தப் போனேன். அவர் கையைக் காட்டித் தடுத்தார். பக்கம் நிரம்பவில்லையே. மீதி இருபத்தொன்பது நிமிஷமும் கோழியையும், வரம்பு உடைந்ததையும், கோயிலில் இந்தமுறை பொங்கல் குறைவு என்பதையும் சொல்லி நிரப்பினார். ஒரு இடத்தில் "தம்பி இண்டைக்கு வட்டைக்குப்" என்று, வயலுக்குப் போகிற கதையைத் தொடங்கி நிறுத்திவிட்டு, மழையைப் பற்றிச் சொன்னார். நான் ஒரு தடவையும் உஸ் என்று சொல்லவில்லை. கசற்றைக் கொடுத்தனுப்புமுன் கேட்காமலே ஏ பக்கத்துக்கு ஒரு பிரதி எடுத்து வைத்தேன். புத்தி வருகிற நேரத்தில் வந்தால் அது ஏன் எனக்கு வருகிறது?

மூத்தவனின் பதில் வர மூன்று மாதம் எடுத்தது. அந்த அம்மா அதை வீட்டில் போடாமல் நேரே கடைக்குக் கொண்டுவந்தார். தனியாகக் கேட்கப் பயமாக இருந்திருக்கலாம். இடையில் நிறைய இளைத்திருந்தார். இளையவனைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. இன்றுவரைக்கும் இல்லை.

பி பக்கத்தைப் போட்டேன். முதலில் குளிரூட்டியின் இரைச்சல். யாரோ கட்டிலில் புரள்வது. பிறகு மூத்தவன், தொண்டையைச் செருமிக்கொண்டு:

"அம்மா. தம்பி பறைஞ்ச கசற் எனக்கு மனப்பாடம். ரெண்டு மாசம் ஒவ்வொரு நாளும் வேல விட்டு வந்து அதத்தான் போட்டுக் கேட்ட நான். என்ட அறையில இரிக்கிற ஆக்களுக்கும் பாடம். நீங்க கேக்க ஏலாமப் போச்செண்டா நான் சொல்றன். கேளுங்க."

முன்னைய பி பக்கத்தில் தாய் மெசினைப் பற்றி ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. கடையில் குரலைத் தேடுகிறோம் என்பதும் இல்லை. தாயின் ஏ பக்கத்தை மறுபடி கேட்டு, அதில் தம்பி இல்லை என்பதைக் கண்டு, தாய்க்கு என்ன குறையும் என்று அவனே கணக்குப் பார்த்திருக்கிறான்.

சொல்லத் தொடங்கினான். தம்பி மாதிரி, அண்ணா என்று தன்னையே கூப்பிட்டுக்கொண்டு சொன்னான். "அண்ணா, அம்மா உனக்கு வெள்ளாமை நல்லமெண்டு சொல்லுவா, நம்பாத. பாதி வெள்ளத்தில போச்சு. அண்ணா, நீ அனுப்பின சேட்டுப் போட்டுப் பாத்த நான். அது மனிசனுக்குத் தைச்ச சேட்டா, ஒட்டகத்துக்குத் தைச்ச சேட்டா? அதுக்குள்ள நானும் அம்மாவும் குடியிருக்கலாம். அண்ணா, இந்தக் கடைக்கார அண்ணன்ட மூஞ்சப் பாத்தா எனக்குச் சிரிப்பு வருகுது, பரீட்ச எழுதிற மாதிரி இரிக்கார்..."

அவன் சிரிக்கவேண்டிய இடங்களில் சிரிக்க முயன்றான். அந்த இடங்களில் குளிரூட்டி மட்டும் இரைந்தது. பக்கத்தில் யாரோ, அதே அறைக்காரராக இருக்கவேண்டும், "அதுக்குப் பிறகு எருமக் கதை" என்று எடுத்துக் கொடுத்தார். மூத்தவன் எருமைக் கதையைச் சொன்னான்.

அந்த அம்மா அழுவார் என்று நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு, சந்தையில் நெல்லை உள்ளங்கையில் வைத்துப் பார்ப்பதுபோல் ஒவ்வொரு சொல்லாகக் கேட்டார். நாடா முடிந்ததும், "பின்னுக்கு விடுங்க, அந்தச் சேட்டுக் கதைக்கு" என்றார். விட்டேன்.

"ஒட்டகமில்ல" என்றார்.

"என்னம்மா?"

"அவன் ஒட்டகமெண்டு சொல்லல்ல மனே. ஆனை எண்டுதான் சொன்னவன். சின்னவன் ஒட்டகத்த எங்க கண்டான்? எங்கட வட்டைக்குள்ள இறங்கி வெள்ளாமையத் தின்னுறது ஆனை. பெரியவன் அங்க நிண்டு நாள் முழுக்க ஒட்டகத்தப் பாத்துப் பாத்து மாத்திப்போட்டான்." என் பக்கம் திரும்பினார். "நீங்களும் இஞ்சதானே நிண்டீங்க. ஆனைதானே?"

நானும் அங்கேதான் நின்றேன். ஹெட்போனும் மாட்டியிருந்தேன். அவன் சொன்ன ஒவ்வொரு சொல்லும் என் இரண்டு காதுக்குள்ளாலும்தான் போனது. நினைவைக் கிண்டிப் பார்த்தேன். எனக்கு நினைவிருந்தது மெசினின் ஊசி மட்டும். அவன் சிரிக்கிறபோதெல்லாம் அது சிவப்புக் கோட்டைத் தாண்டியது, நான் சத்தத்தைக் குறைத்தேன்.

"தெரியல்ல அம்மா" என்றேன். அந்தக் கடையில் நான் அவரிடம் சொன்ன இரண்டாவது உண்மை அது.

அவர் கசற்றை வெளியில் எடுக்கச் சொன்னார். இதில் இனி ஒருவரும் பதியாமல் இருக்க வழி இருக்கிறதா என்று கேட்டார். இருந்தது. கசற்றின் முதுகில் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு சின்னப் பிளாஸ்டிக் தகடுகள் உண்டு. அவற்றை உடைத்துவிட்டால் மெசின் பதிய மறுக்கும். எங்கள் கடைக்கு வந்தவர்களில் ஒருவரும் அதுவரை அதை உடைக்கக் கேட்டதில்லை. நான் திருப்புளியால் ஒன்றை உடைத்தேன். மற்றதை அவர் தாருங்கள் என்று வாங்கி, கொண்டை ஊசியால் நெம்பி உடைத்தார்.

பிறகு அலுமாரியைக் காட்டினார். "புதுசு ஒண்டு தாங்க."

எடுத்துக் கொடுத்தேன். தானே மேலுறையைக் கிழித்தார். மெசினில் போட்டேன். எந்தப் பக்கம் என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. சிவப்புப் பொத்தானை அழுத்திவிட்டுக் கையைக் காட்டினேன். அவர் மெசினுக்குக் கிட்டக் கதிரையை இழுத்துக்கொண்டார்.

"மகன், ஒட்டகமில்ல, ஆனை. திருத்திச் சொல்லு" என்று தொடங்கினார்.